அகஸ்தீஸ்வரத்து ஊமைப்பட நாயகன்

தலைவர் அவர்களே, பெரியோர்களே, பிள்ளைகளே!

ஜே.சி. டேனியலை மலையாள சினிமாவின் தந்தை என்று சொல்லிச் சொல்லியே, அவர் ஒரு நடிகர் என்பதை மறந்துவிட்டோம். கதை, இயக்கம், தயாரிப்பு எல்லாம் அவர்தான், சரி. 'விகதகுமாரன்' ஊமைப்படத்தின் கதாநாயகனும் அவர்தானே? அந்த நடிகரைப் பற்றித்தான் இன்றைக்குப் பேச வந்திருக்கிறேன்.

அகஸ்தீஸ்வரத்தில் வசதியான ஒரு மருத்துவர் வீட்டுப் பிள்ளை. களரி என்கிற தற்காப்புக் கலையில் பித்து. வாள்வீச்சைப் பற்றி ஆங்கிலத்தில் நூலே எழுதியவர். அடிமுறை, வர்மம் மாதிரிச் சண்டைக் கலைகள் ஆசான்மார் முற்றத்தோடு நின்றுபோகிற நம் நாட்டில், களரியை ஊர் உலகத்துக்குக் காட்டச் சினிமாதான் வழி என்று அவருக்குத் தோன்றியது. சுவடும் அடவும் ஏறிய உடம்பு அவருடையது. வசனமே இல்லாத படத்துக்கு வேறென்ன மூலதனம் வேண்டும்?

தொழில் கற்கப் போனார். சென்னையில் ஸ்டுடியோ வாசலைத் தாண்ட விடவில்லை. பம்பாயில், "நான் வாத்தியார், பிள்ளைகளுக்குச் சினிமாவைப் பற்றிச் சொல்லிக்கொடுக்கணும்" என்கிற மாதிரி பேசி உள்ளே நுழைந்துவிட்டார். என்னைக் கேட்டால் அவருடைய முதல் நடிப்பே அதுதான்! (சிரிப்பு) ஊருக்குத் திரும்பி, சொத்தை விற்று, 1926-ல் திருவனந்தபுரத்தில் பட்டம் என்ற பகுதியில் திருவிதாங்கூர் நேஷனல் பிக்சர்ஸ் ஸ்டுடியோவைத் தொடங்கினார்.

பெண்கள் திரையில் முகம் காட்டத் தயங்கிய காலம். கதாநாயகியாக வந்தவர் பி.கே. ரோசி. தலித் பெண், தமிழும் மலையாளமும் கலந்து ஆடுகிற காக்காரிசி நாடகம் தெரிந்தவர். படத்தில் அவருக்கு நாயர் பெண் வேடம். கேப்பிட்டல் தியேட்டரில் 1930 அக்டோபர் 23 அன்று முதல் காட்சி. 1928 என்று எழுதுவோரும் உண்டு. படத்தில் நாயகன் ரோசியின் கூந்தல் பூவை எடுத்து முத்தமிடுகிறான். அவ்வளவுதான், திரைமேல் கல் பறந்தது. நடிப்பு நன்றாயிருந்ததா என்று பார்க்க அந்தக் கூட்டத்துக்குக் கண் எங்கே இருந்தது? டேனியலுக்குப் பணத்தோடு போயிற்று. ரோசிக்கோ ஊரே போயிற்று. ஒரு லாரியில் ஏறி இந்த நாகர்கோவிலுக்குத்தான் வந்தார். அந்த லாரி ஓட்டுநரையே மணந்து, ராஜம்மாள் என்ற பெயரில் வாழ்ந்து மறைந்தார். நம் தெருக்களில் நடந்தவர் ஐயா! நமக்குத் தெரியாது.

டேனியல் கருவிகளை விற்றுவிட்டுப் பல் வைத்தியம் படித்தார். மதுரை, காரைக்குடிப் பக்கம் தொழில். நடிகர் பி.யு. சின்னப்பாவின் பழக்கத்தில் மறுபடியும் சினிமா ஆசை வந்து, சேர்த்ததும் கரைந்தது. கடைசியில் அகஸ்தீஸ்வரத்துக்கே வந்து சேர்ந்தார். 1956 நவம்பர் 1-ல் இந்தக் குமரி மண் தமிழ்நாட்டோடு சேர்ந்திருந்தது. அதற்காகப் போராடியவர்களின் பிள்ளைகள் நாம், அதில் எனக்குக் குறையில்லை. ஆனால் நலிந்த கலைஞர் உதவித்தொகை கேட்டபோது, தமிழ்நாட்டில் இருப்பவர் என்று கேரளம் கைவிரித்தது. தமிழ்நாட்டுக்கோ அவர் மலையாளப் படக்காரர். ஊமைப்படத்துக்கு மொழி கிடையாது. உதவித்தொகைக்கு உண்டு போலிருக்கிறது. சேலங்காட் கோபாலகிருஷ்ணன் என்ற பத்திரிகையாளர் மட்டும் விடாமல் எழுதினார். 1975 ஏப்ரல் 27-ல் டேனியல் காலமானார். கேரள அரசு அவர் பெயரில் விருது வைத்தது 1992-ல்.

படம்? வீட்டுச் சிறுவன் விளையாட்டாகக் கொளுத்தியதில் சுருள் சாம்பலானது. இன்னொன்றையும் கேளுங்கள். அவருடைய உறவினர், நாகர்கோவில்காரர் சுந்தரராஜ், 1933-ல் 'மார்த்தாண்ட வர்மா' எடுத்தார். பதிப்புரிமை வழக்கில் அந்தப் படம் முடங்கியது. முடங்கியதாலேயே பிழைத்தது! இன்று புனே ஆவணக் காப்பகத்தில் இருக்கிறது.

அகஸ்தீஸ்வரம், கொட்டாரம் பக்கத்திலிருந்து வந்திருப்பவர்களுக்கு ஒரு வேண்டுகோள். பழைய டிரங்குப் பெட்டியில் அந்தக் காலத்து நோட்டீஸோ, புகைப்படமோ, கடிதமோ கிடந்தால் செல்லரித்தது என்று எரித்துவிடாதீர்கள். நூலகத்தில் கொண்டுவந்து காட்டுங்கள். படியெடுத்துக்கொண்டு உங்களிடமே திருப்பித் தருவார்கள்.