வேறு யாராகவும் ஆகாத மனிதர்

தலைமை தாங்கும் ஐயா அவர்களே, முன்வரிசையில் இருக்கும் தலைமையாசிரியப் பெருமக்களே, இந்த மண்டபத்தை வாடகை வாங்காமல் திறந்துவிட்ட பெரியவர் அவர்களே, ஏற்காட்டிலிருந்து 20 கொண்டை ஊசி வளைவும் இறங்கி, தூங்குகிற பிள்ளையைத் தோளில் போட்டுக்கொண்டு வந்திருக்கும் தாய்மார்களே, எல்லோருக்கும் வணக்கம். யார் பெயராவது விட்டுப்போயிருந்தால் மன்னிக்கணும்.

சாலமன் பாப்பையா ஐயாவின் தமிழ், பட்டிமன்றம், சினிமா என்று மூன்று விஷயம் பேசுவதாக நோட்டீஸில் போட்டிருக்கிறோம். சினிமாவை முதலில் சொல்லிவிடுகிறேன். 2007-இல் வந்த 'சிவாஜி' படத்தில் அவருக்கு ஒரு அப்பா வேஷம். படத்தில் பெயர் வேறு, ஆனால் தியேட்டரில் அந்தப் பெயரை யார் நினைத்தோம்? "ஏ, நம்ம பாப்பையாடா!" என்றுதானே கத்தினோம். மதுரை அமெரிக்கன் கல்லூரியில் தமிழ் நடத்தியவர், பண்டிகைக் காலையில் சன் டிவியில் நடுவராக உட்கார்ந்தாலும் அதே மதுரைப் பேச்சு, அதே வாய்விட்ட சிரிப்பு. 2021-இல் பத்மஸ்ரீயும் அவரைத் தேடி வந்தது. இத்தனை வருஷம் கேமரா முன்னால் அவர் அவராகவே இருந்தது சும்மா வருமா? சித்திரமும் கைப்பழக்கம், செந்தமிழும் நாப்பழக்கம்.

மலையில் ஒரு பள்ளிக்கூடம், குடியரசு தினப் பேச்சுப் போட்டி. நான் நடுவர். எஸ்டேட்டில் வேலை செய்கிறவர் பையன், ஏழாவது படிக்கிறவன், யாரோ எழுதிக் கொடுத்ததை மனப்பாடம் செய்து வந்து கடகடவென்று ஒப்பித்தான். நாலாவது வரியில் நின்றுவிட்டது. கால் நடுங்குகிறது, சட்டை நுனியைத் திருகுகிறான், பின்னாலிருந்து சிரிப்புச் சத்தம் வேறு. நான் சொன்னேன், "தம்பி, அதை விடு. காலையில அப்பா என்ன வேலைக்குப் போனாரு, அதச் சொல்லு." சரி என்று ஆரம்பித்தான் பாருங்கள்! மிளகு பறிக்கப் போனாராம், சில்வர் ஓக் மரத்தில் சாத்திய ஒற்றை மூங்கில் ஏணியாம், கணுவுக்குக் கணு பெருவிரலை ஊன்றி ஏறுவாராம், இடுப்பில் சாக்குப்பையாம், காற்றடித்தால் கீழே நிற்கிற அம்மா பேசவே மாட்டாராம். மண்டபம் கப்சிப். அப்புறம் எழுந்த கைதட்டல் இன்னும் என் காதில் இருக்கிறது. அன்றைக்கு அந்த மேடையில் ஒரு பாப்பையாவைப் பார்த்தேன் ஐயா.

நாப்பழக்கம் என்கிறோமே, பழக இடம் எங்கே? வருஷத்துக்கு ஒரு போட்டி, அதற்கும் எழுதிக் கொடுத்த காகிதம். தலைமையாசிரியர்களே, சனிக்கிழமை அரை மணி நேரம் போதும், காகிதம் இல்லாமல், பரிசு இல்லாமல், பிள்ளைகள் தங்கள் வீட்டுப் பேச்சிலேயே பேசட்டும். பட்டிமன்றத்தைப் பற்றிச் சொல்ல நேரமில்லை, மணி அடித்துவிட்டார்கள். மைக் செட்டு என் பொறுப்பு. எந்தப் பள்ளிக்கு முதலில் கொண்டுவரட்டும் என்று இறங்கிப் போவதற்குள் சொல்லிவிடுங்கள்.