நிலம் கேட்டவர்களுக்கு ரேஷன் கிடைத்தது

நேயர்களுக்கு வணக்கம்.

அமெரிக்க உள்நாட்டுப் போர் என்றால் நமக்கு லிங்கன் நினைவுக்கு வருவார். போர் முடிந்தது, அடிமை முறை ஒழிந்தது, லிங்கன் சுட்டுக் கொல்லப்பட்டார் என்பதோடு பாடப் புத்தகமும் முடிந்துவிடும். ஏறத்தாழ நாற்பது லட்சம் பேர் விடுதலை ஆனார்களே, அவர்கள் மறுநாள் என்ன சாப்பிட்டார்கள், எங்கே படுத்தார்கள் என்பது அதில் இருக்காது. இன்று அதைத்தான் பேசப்போகிறேன்.

முதலில் ஒரு கணக்கு. 1862 ஏப்ரலில், போர் நடந்துகொண்டிருக்கும்போதே, தலைநகர் வாஷிங்டனில் மட்டும் அடிமை முறையை ஒழிக்கச் சட்டம் வந்தது. இழப்பீடும் உண்டு. ஓர் அடிமைக்கு 300 டாலர் வரை. யாருக்கு என்கிறீர்கள்? அடிமையை வைத்திருந்த முதலாளிக்கு! விடுதலையானவருக்கும் 100 டாலர் வரை கிடைக்கும், ஆனால் அவர் நாட்டை விட்டே போய்விட வேண்டும். வாழ்நாள் முழுக்கக் கூலியில்லாமல் உழைத்தவர் இந்நாட்டிலேயே இருக்க விரும்பினால் அவருக்கு ஒரு காசும் இல்லை. அரசாங்கத்தின் மனம் எந்தப் பக்கம் சாய்ந்திருந்தது என்பதற்கு இந்த ஒரு சட்டம் போதும்.

அடுத்து 1864 கடைசி. அடிமை முறைக்காகப் பிரிந்துபோன தெற்கு மாநிலங்களோடு போரிட்ட வடக்குப் படையின் தளபதி ஷெர்மன், தெற்கிலுள்ள ஜார்ஜியா மாநிலத்தைக் குறுக்காகக் கடந்து கடலை நோக்கிப் போகிறார். பண்ணைகளை விட்டுவிட்டு ஆயிரக்கணக்கான மக்கள் அவர் படைக்குப் பின்னால் நடக்கிறார்கள். எபனேசர் என்ற ஓடையில் படை கடந்து முடிந்ததும், பின்னால் வந்த ஜனங்கள் கடப்பதற்குள் மிதவைப் பாலத்தை எடுத்துவிட்டார்கள். எதிரிப் படைக்குப் பயந்து தண்ணீரில் குதித்தவர்களில் பலர் மூழ்கிப் போனார்கள். இந்தச் செய்தி வாஷிங்டன் வரை போய்ப் பெரிய சங்கடமானது. போர் அமைச்சர் ஸ்டான்டன் கிளம்பி சவானா நகரத்துக்கே வந்துவிட்டார்.

அங்கே 1865 ஜனவரி 12 இரவு, அமைச்சரும் தளபதியும் இருபது கறுப்பினத் தலைவர்களை அழைத்துப் பேசினார்கள். பெரும்பாலும் போதகர்கள். அவர்கள் சார்பில் பேசியவர் கேரிசன் ஃபிரேசியர், 67 வயது. தனக்கும் மனைவிக்கும் விடுதலையை ஆயிரம் டாலர் கொடுத்து விலைக்கு வாங்கியவர். உங்களை நீங்களே எப்படிப் பார்த்துக்கொள்வீர்கள் என்று கேட்டதற்கு அவர் சொன்ன பதில் தெளிவாக இருந்தது. எங்களுக்கு நிலம் வேண்டும், எங்கள் கையால் உழுது பிழைத்துக்கொள்வோம், கொஞ்ச காலத்தில் சொந்தமாக வாங்கும் அளவுக்கு வந்துவிடுவோம் என்றார். சோறு போடுங்கள் என்று அவர் கேட்கவில்லை. இதை மனதில் வைத்துக்கொள்ளுங்கள்.

நான்கு நாளில் ஷெர்மன் உத்தரவு போட்டார். சார்ல்ஸ்டன் நகரத்துக்குத் தெற்கே, பண்ணையார்கள் கைவிட்டுப் போன தீவுகளும் கடலோர நெல் வயல்களும், குடும்பத்துக்கு 40 ஏக்கர் வரை. அந்தப் பகுதியில் நெல் விளைந்தது என்பது நம்மில் பலருக்குப் புதுச் செய்தியாக இருக்கலாம். நான்கு லட்சம் ஏக்கர் அளவுக்கு ஒதுக்கினார்கள். ஜூன் மாதத்துக்குள் நாற்பதாயிரம் பேர் குடியேறிவிட்டார்கள். 'நாற்பது ஏக்கரும் ஒரு கோவேறு கழுதையும்' என்று பின்னாளில் சொல்வழக்கானதே, அந்த நாற்பது ஏக்கர் இதுதான். கழுதை உத்தரவில் கிடையாது.

இதற்கிடையில் மார்ச் 3-ம் தேதி லிங்கன் ஒரு சட்டத்தில் கையெழுத்திட்டார். அதில் பிறந்ததுதான் ஃப்ரீட்மென்ஸ் பியூரோ. அகதிகள், விடுதலையானவர்கள், கைவிடப்பட்ட நிலங்கள் ஆகிய மூன்றையும் கவனிக்கும் துறை. போர் அமைச்சகத்தின் கீழ், போர் முடிந்து ஓராண்டு வரைக்கும்தான் ஆயுள். தனியாகப் பட்ஜெட்கூட ஒதுக்கவில்லை. தெற்கு முழுவதற்கும் ஒரு சமயத்தில் 900 அலுவலர்களுக்கு மேல் இருந்ததே இல்லை. தலைவராக வந்தவர் ஜெனரல் ஆலிவர் ஹோவர்ட். பக்திமான். போரில் வலது கையை இழந்தவர். அந்தக் கை பற்றி மறுபடியும் பேச்சு வரும்.

பட்டினிதான் முதல் வேலை. முதல் 15 மாதத்தில் ஒரு கோடியே முப்பது லட்சத்துக்கும் மேல் ரேஷன் கொடுத்தார்கள். அதில் மூன்றில் இரண்டு பங்குதான் கறுப்பின மக்களுக்குப் போனது. மிச்சம், போரில் எல்லாம் இழந்த வெள்ளைக்காரக் குடும்பங்களுக்கு. ஆனால் 1866-ல் பென்சில்வேனியா கவர்னர் தேர்தலில் ஒட்டிய சுவரொட்டியைப் பாருங்கள். ஒரு கறுப்பர் காலை நீட்டிச் சொகுசாகப் படுத்திருப்பார். உழைக்கும் வெள்ளைக்காரன் காசில் இவர்களைச் சோம்பேறியாக வைத்திருக்கும் துறை இது என்று எழுதியிருக்கும். இலவசம் வாங்கிச் சோம்பேறி ஆகிறார்கள் என்ற பேச்சுக்கு இவ்வளவு வயதாகிறது. வேடிக்கை என்னவென்றால் ஹோவர்டுக்கே அந்தப் பயம் இருந்தது. அந்த ஆண்டு இலையுதிர் காலத்தில், மருத்துவமனை நோயாளிகளுக்கும் அநாதைக் குழந்தைகளுக்கும் தவிர மற்றவர்களுக்கு ரேஷனை நிறுத்தச் சொல்லிவிட்டார்.

சரி, நிலத்துக்கு வருவோம். லிங்கனுக்குப் பின் ஜனாதிபதியான ஆண்ட்ரூ ஜான்சன், 1865 மே மாதமே தெற்கின் கிளர்ச்சிக்காரர்களுக்குப் பொதுமன்னிப்பை அறிவித்தார். பெரும் பணக்காரர்கள் போன்ற சிலர் மட்டும் தனியாக மனுப் போட வேண்டும். போட்டார்கள், அள்ளிக் கொடுத்தார். மன்னிப்போடு நிலமும் திரும்பியது. ஹோவர்ட் ஜூலையில், மன்னிப்புப் பெற்றாலும் நிலம் குடியேறியவர்களுக்கே என்ற பொருளில் ஒரு சுற்றறிக்கை விட்டுப் பார்த்தார். செப்டம்பரில் ஜான்சன் அதை ரத்து செய்ய வைத்தார். அதோடு விடவில்லை. தீவுகளுக்குப் போய் மக்களிடம் நீயே சொல்லிவிட்டு வா என்று அனுப்பினார்.

அக்டோபரில் எடிஸ்டோ தீவில் ஒரு தேவாலயம். உள்ளே நிற்க இடமில்லை. ஹோவர்ட் விஷயத்தைச் சொல்ல வாயெடுக்கிறார், கூச்சல் அடங்கவில்லை. ஒரு பெண் துயரமான பக்திப் பாட்டு ஒன்றை எடுத்தார், கூட்டம் சேர்ந்து பாடியது. அப்புறம்தான் அவரால் பேச முடிந்தது. பழைய முதலாளிகளை மன்னித்து, அவர்களோடு ஒப்பந்தம் போட்டு வேலை செய்யுங்கள் என்றார். எங்கள் நிலத்தை ஏன் பிடுங்குகிறீர்கள் என்று மாடியிலிருந்து ஒருவர் கத்தினார். கடைசியில் ஹென்றி பிராம், இஷ்மேல் மோல்ட்ரி, யேட்ஸ் சாம்ப்சன் என்று மூன்று பேரைக் குழுவாகத் தேர்ந்தெடுத்தார்கள். அவர்கள் எழுதிய கடிதம் இன்றும் இருக்கிறது. ஒரு பகுதியின் சாரத்தை மட்டும் சொல்கிறேன். மன்னிக்கச் சொல்கிறீர்கள், ஜெனரல். நீங்கள் இழந்தது வலது கை மட்டும்தான், உங்களால் மன்னிக்க முடியலாம். என்னை மரத்தில் கட்டி 39 கசையடி கொடுத்தவன், என் தாயையும் சகோதரியையும் துணியை உரித்து அடித்தவன், அவன் சொல்லும் விலைக்கு அவனுக்காகப் பயிரிட்டால் ஒழிய, காலியாகக் கிடக்கும் குடிசையில்கூட என்னைத் தங்க விடாதவன், அவனை நான் எப்படி மன்னிப்பேன்?

ஹோவர்ட் நல்ல மனிதர்தான், சந்தேகமில்லை. ஆனால் பதவியை விட்டு விலகவில்லை. நானாக இருந்தால் விலகியிருப்பேன் என்று சொல்வது எளிது. விலகியிருந்தால் பள்ளிக்கூடங்கள் வந்திருக்குமா என்ற கேள்வியும் இருக்கிறது.

நிலம் கையை விட்டுப் போன பிறகு ஒப்பந்தக் கூலிதான் கதி. மிசிசிப்பி மாநிலம் 1865 நவம்பரில் போட்ட சட்டப்படி, கறுப்பினத்தவர் ஒவ்வொரு ஜனவரியிலும் அந்த ஆண்டுக்கு வேலை இருக்கிறது என்று எழுத்துமூலம் காட்ட வேண்டும். தவணைக்கு முன்னால் வேலையை விட்டால் அதுவரை உழைத்த கூலியும் போச்சு. பியூரோ அலுவலர் ஒப்பந்தங்களைப் படித்துப் பார்த்து அநியாயமானதை நிராகரிக்கலாம். சிலர் அதைச் செய்தார்கள். சிலர் மாலையில் பண்ணையாரின் விருந்துக்குப் போனார்கள். நாளடைவில் வாரச் சாகுபடி பரவியது. விதைக்கும் சாமானுக்கும் கடன், அறுவடையில் பங்கு, ஆண்டு முடிவில் மறுபடி கடன். இது எங்கே கொண்டுபோய் விடும் என்று நம் கிராமங்களுக்குச் சொல்லித் தர வேண்டியதில்லை.

பியூரோவின் பெருமை பள்ளிக்கூடம்தான். 1869-ல் ஏறத்தாழ மூவாயிரம் பள்ளிகள், ஒன்றரை லட்சம் மாணவர்கள். பெரியவர்களும் வந்து எழுத்துக் கூட்டினார்கள். இன்றைய ஹோவர்ட், ஃபிஸ்க் பல்கலைக்கழகங்களின் பெயரிலேயே பியூரோ அதிகாரிகள் இருக்கிறார்கள். ஆனால் இதை முழுக்க அரசின் தயவு என்று எழுதிவிடக் கூடாது. 1870-க்குள் அந்த மக்களே தங்கள் சம்பாத்தியத்திலிருந்து பத்து லட்சம் டாலருக்கு மேல் கல்விக்குச் செலவழித்திருந்தார்கள். 1866 மே மாத மெம்ஃபிஸ் நகரக் கலவரத்தில் 46 கறுப்பினத்தவர்களைக் கொன்ற கும்பல் 12 பள்ளிகளையும் கொளுத்தியது. எது தங்களை அச்சுறுத்துகிறது என்பதில் அந்தக் கும்பலுக்குக் குழப்பமே இல்லை.

இன்னொரு வேலை, கல்யாணப் பதிவு. அடிமைகளுக்குச் சட்டப்படி திருமணமே கிடையாது. மிசிசிப்பியில் பியூரோ பதிவேட்டின் கட்டங்களைப் பாருங்கள். பெயர், வயது, நிறம். அதற்கப்புறம் முன்பு வேறொருவரோடு எத்தனை ஆண்டு வாழ்ந்தீர்கள், எப்படிப் பிரிந்தீர்கள், குழந்தைகள் எத்தனை என்ற கேள்விகள். 'எப்படி' என்ற கட்டத்தில் சிலருக்கு மரணம். சிலருக்கு விற்பனை, சிலருக்கு பலாத்காரம். எழுத்தர் ஒரு சொல் எழுதிவிட்டு அடுத்த வரிக்குப் போயிருக்கிறார்.

பியூரோவின் ஆயுளை நீட்டும் மசோதாவை 1866 பிப்ரவரியில் ஜான்சன் தள்ளுபடி செய்தார். ஜூலையில் இன்னொரு மசோதாவை அவர் எதிர்ப்பை மீறி நாடாளுமன்றம் நிறைவேற்றியது. 1868 கடைசியோடு பெரும்பாலான பணிகள் நின்றன. 1872 ஜூனில் இழுத்து மூடினார்கள்.

சேமிப்பு வங்கி ஒன்று பாக்கி. பியூரோ சட்டம் கையெழுத்தான அதே நாளில்தான் ஃப்ரீட்மன்ஸ் சேவிங்ஸ் வங்கிக்கும் அனுமதி கிடைத்தது. அது தனியார் வங்கி. ஆனால் பியூரோ ஆட்களே போய்ப் பணம் போடச் சொன்னதால், மக்கள் சர்க்கார் வங்கி என்றே நம்பினார்கள். ஐந்து சென்ட் இருந்தால் கணக்குத் தொடங்கலாம். சலவைக்காரப் பெண்களும் கூலியாட்களும் போட்ட பணத்தை, 1870-ல் சட்டத்தைத் தளர்த்தி, நிலவணிகத்துக்குக் கடன் கொடுக்க வழி செய்தார்கள். நிர்வாகிகளின் வேண்டப்பட்டவர்களுக்குக் கடன் போனது. 1873 நிதி நெருக்கடியில் எல்லாம் ஆட்டம் கண்டது. மானத்தைக் காப்பாற்ற, அடிமையாக இருந்து தப்பிப் புகழ்பெற்ற கறுப்பினத் தலைவர் ஃபிரெடரிக் டக்ளஸை வங்கித் தலைவராக்கினார்கள். அவர் தன் கையிலிருந்து பத்தாயிரம் டாலர் போட்டும் பார்த்தார். உள்ளே போய்ப் பார்த்த பிறகுதான் தெரிந்தது, பசு கறுப்பனுடையது, பால் வெள்ளைக்காரனுடையது என்று பின்னால் எழுதினார். 1874 ஜூனில் வங்கி மூடியபோது ஏறத்தாழ 61,000 பேரின் முப்பது லட்சம் டாலர் உள்ளே இருந்தது. பல ஆண்டுகள் அலைந்து பாதிப் பேர் போட்டதில் ஒரு பகுதியை வாங்கினார்கள், மற்றவர்களுக்கு ஒன்றும் இல்லை. இந்தப் பணத்தை அரசே திருப்பித் தர வேண்டும் என்று 1886-ல் ஜனாதிபதி கிளீவ்லாண்ட் நாடாளுமன்றத்துக்கு எழுதினார். நாடாளுமன்றம் தரவில்லை.

வணக்கம்.