மெதுவா சுத்துப்பா!

நடுவர் அவர்களே, சபையோரே, எல்லாருக்கும் வணக்கம், மணி ஓடுது, நேரா வந்துடுறேன். பழைய ஊமை நியூஸ்ரீல், அதாவது சத்தமில்லாத செய்திப்படம், வெறும் வேடிக்கைங்கறாங்க எதிரணி, நாங்க சாட்சிங்கறோம்.

எதிரணி அண்ணன் கேட்டாரே, "எல்லாம் வாத்து மாதிரி விசுக் விசுக்குனு போகுதே, இது யுத்தமா சர்க்கஸா?"ன்னு, கைதட்டலும் வாங்கிட்டாரு. அண்ணே, அந்தக் கேமராவைக் கையால சுத்தணும், நொடிக்கு ரெண்டு சுத்து, சுமாரா 16 ஃப்ரேம், அதாவது 16 தனித்தனிப் படம். பேசும்படம் வந்தப்புறம் மெஷின் நொடிக்கு 24க்கு மாறிடுச்சு. 16ல எடுத்ததை 24ல ஓட்டுனா 3 நிமிஷ ஊர்வலம் 2 நிமிஷத்துல முடிஞ்சிடும்ல? அவங்க ஓடலண்ணே, நாமதான் விரட்டுறோம்!

இங்கிலாந்துல பிளாக்பர்ன்னு ஒரு ஊரு. அங்க மிட்செல், கென்யான்னு ரெண்டு பேரு, 1900 வாக்குல மில்லு வாசல்ல கேமராவை நட்டுருவாங்க. சங்கு ஊதுனதும் ஜனம் வெளிய வரும், பொடிப்பசங்க கேமரா முன்னாடியே சுத்திச் சுத்தி வருவானுங்க, ராத்திரி கொட்டகையில "உங்களையே பாக்க வாங்க"ன்னு காசு! அதாவது பகல் பூரா நூத்து, கூலி வாங்கி, அந்தக் கூலியைக் குடுத்து, தான் வேலை முடிஞ்சு வர்றதைத் தானே உக்காந்து பாக்குறான்! பின்சீட்டுக்குப் புரியல போல, மறுபடி சொல்றேன், தான் வர்றதை... தானே... காசு குடுத்து! செல்ஃபியை நாமதான் கண்டுபிடிச்சோம்னு நினைச்சுட்டிருக்கோம். அந்த நெகடிவ் சுமார் 800, மூணு டிரம்முல அடைஞ்சு கிடந்து 1994லதான் கிடைச்சுது.

போலி இருக்கான்னா இருக்கு, மறைக்கல. முதல் உலகப் போர்ல, பிரான்ஸ்ல நடந்த 1916 சோம் யுத்தப் படத்துல பதுங்குகுழி விட்டு ஏறுற சீனே பயிற்சி இடத்துல எடுத்ததுன்னு ஆராய்ச்சியாளருங்க சொல்றாங்க. ஆனா வரிசையா போறப்ப கேமராவைப் பாத்து ஹெல்மெட்டைத் தூக்கி ஆட்டுறானே ஒருத்தன், அதுவுமா நடிப்பு?

அந்தப் படம் ஆகஸ்ட்லயே தியேட்டருக்கு வந்துடுச்சு, அந்தச் சோம் யுத்தம் முடிஞ்சதே அந்த வருஷம் நவம்பர்ல. அங்க இன்னும் குண்டு விழுந்துட்டிருக்கு, இங்க பெத்தவ டிக்கெட் வாங்கிட்டு உள்ள வர்றா. அவளுக்கு யாரு ஜெயிச்சா என்ன, ஒவ்வொரு மூஞ்சியா தேடுறா. அப்போ புரொஜெக்டரையும் பல இடத்துல கையாலதான் சுத்துவாங்க. வரிசை கடகடன்னு போகுது, ஓரமா ஒருத்தன், அந்தத் தோளு, அந்த நடை, திரும்பப் போறான்...

மணி அடிச்சுட்டீங்களா ஐயா? ஒரு நிமிஷம். இருட்டுல அவ ஆப்பரேட்டரைப் பாத்து என்ன கேட்டிருப்பா? "கொஞ்சம் மெதுவா சுத்துப்பா"ன்னுதானே?