'ஃபர்ஸூத்' சொல்வது உண்மையே: ஒரு பட்டிமன்ற உரை

நடுவர் அவர்களே, எதிரணி நண்பர்களே, அவையோரே, வணக்கம்.

"'ஃபர்ஸூத்' (forsooth) என்னும் ஆங்கிலச் சொல் சொல்வது உண்மையையா, ஏளனத்தையா?" இதுதான் இன்றைய தலைப்பு. ஏளனமே என்று பேசிய எதிரணித் தலைவர் மூன்று சான்றுகளை அவை முன் வைத்தார். முதலாவது, அகராதிகள். இரண்டாவது, ஷேக்ஸ்பியரின் ஒத்தெல்லோ நாடகத்தில் இயாகோ பேசும் ஒரு வரி. மூன்றாவது, பிரிட்டனின் ராயல் ஸ்டாட்டிஸ்டிகல் சொசைட்டி, பத்திரிகைகளில் வரும் புள்ளிவிவரப் பிழைகளை எடுத்துக்காட்டத் தன் செய்தி இதழில் நடத்திய பகுதி. அதற்குத் தலைப்பே 'ஃபர்ஸூத்'. மூன்றுக்கும் பதில் சொல்கிறேன். ஆனால் அவர் தொடாமல் விட்ட இடம் ஒன்று இருக்கிறது, சொல்லின் பிறப்பு. அங்கிருந்து தொடங்க அனுமதி கேட்கிறேன்.

'ஃபர்' தனி, 'ஸூத்' தனி. 'ஸூத்' என்றால் உண்மை. பழைய ஆங்கிலத்தில் அது பெயராகவும் வரும், பெயரடையாகவும் வரும். 'உண்மைக்கு' என்பதுபோல நின்ற இரண்டு சொற்கள் ஒட்டி ஒரு சொல்லாயின. அழுத்தம் இரண்டாம் அசையில் விழவேண்டும். முதல் அசையை அழுத்திச் சொன்னால் கேட்பவருக்குச் சொல்லே பிடிபடாது. கடைசி ஒலி, பல்லைக் குறிக்கும் 'டூத்' முடிவது போல முடியும்.

பல்லை வேண்டுமென்றேதான் இழுத்தேன். 'டூத்', 'ஸூத்' இரண்டும் ஒரே விபத்தைச் சந்தித்த சொற்கள். இரண்டுக்குள்ளும் முன்பு ஒரு 'ன்' ஒலி இருந்தது. 'த்' ஒலிக்கு முன் நின்ற அந்த 'ன்'னைப் பழைய ஆங்கிலம் விழுங்கிவிட்டு, முன்னே இருந்த உயிரை நீட்டிக்கொண்டது. வடமொழி 'தந்த'த்தில் அது தங்கிவிட்டது. யானையின் தந்தம் என்று நாமும் சொல்கிறோம். ஸ்வீடன்காரர்கள் உண்மையான ஒன்றை இன்றும் 'சன்' என்கிறார்கள், 'ன்' அப்படியே இருக்கிறது. வடமொழியின் 'சத்', 'சத்திய' இரண்டும் இதே குடும்பம். ஆக, கிராமத்தில் ஒருவர் "சத்தியமா சொல்றேன்" என்று தலையில் கைவைக்கும்போது, 'ஃபர்ஸூத்'தின் ஒன்றுவிட்ட உறவுக்காரரைத்தான் கூப்பிடுகிறார்.

இந்தக் குடும்பத்தின் வேருக்கு 'இருத்தல்' என்பது பொருள். இருப்பது எதுவோ அது உண்மை. தமிழ் தன் சொந்த வேரிலிருந்து இதே வழியில் நடந்திருக்கிறது: உள் என்பதிலிருந்து உண்மை. 'உண்மை', 'இன்மை' என்று இலக்கணம் எதிரெதிரே வைக்கும்போது இருப்பதும் இல்லாததும்தானே பொருள்? தொடர்பே இல்லாத இரண்டு மொழிகள் 'இருப்பது' என்பதிலிருந்தே 'மெய்' என்பதைச் செய்துகொண்டன. இதில் ஏளனம் எந்த மூலையில் ஒளிந்திருக்கிறது?

அடுத்து 14ஆம் நூற்றாண்டின் இறுதிக்கு வருகிறேன். சமயச் சீர்திருத்தம் பேசிய ஆங்கிலேய அறிஞர் விக்லிஃபின் வழிவந்தவர்கள் லத்தீன் விவிலியத்தை ஆங்கிலமாக்கினார்கள். லத்தீனில் 'அவுதெம்' என்று ஒரு சிறு இணைப்புச் சொல் உண்டு. "பூமியோ" என்கிறோமே, அந்த 'ஓ' செய்யும் வேலையைச் செய்யும். ஆதியாகமத்தின் இரண்டாம் வசனத்தில், பூமி வெறுமையாய் இருந்தது என்னும் இடத்தில் அது வருகிறது. முதல் மொழிபெயர்ப்பு லத்தீன் வரிசையை விடாமல் "பூமி, ஃபர்ஸூத், இருந்தது" என்ற ஒழுங்கில் போட்டது. அடுத்துத் திருத்தி எழுதியவர்கள் சொல்லை வாக்கியத்தின் தலைக்குக் கொண்டுபோனார்கள். 'அவுதெம்' வந்தால் 'ஃபர்ஸூத்' என்றும் வைக்கலாம், 'ஆனால்' என்றும் வைக்கலாம் என்று முன்னுரையில் விதியே எழுதினார்கள். படைப்பின் முதல் நாளைப் பற்றிய வாக்கியத்தில் நிற்கிறது இந்தச் சொல். அங்கே யாரை யார் கிண்டல் செய்கிறார்கள்?

"அது பழங்கதை, ஷேக்ஸ்பியர் காலத்திலேயே ஏளனம் வந்துவிட்டதே" என்பது எதிரணியின் வாதம். வந்தது. எங்கிருந்து வந்தது என்பதை அவர்கள் சொல்லவில்லை. 1598இல் அச்சான நான்காம் ஹென்றி நாடகத்தின் முதற்பாகத்தில் ஹாட்ஸ்பர் என்னும் பிரபு மனைவியைப் பாடச் சொல்கிறான். அவள் மறுக்கும்போது 'நல்ல உண்மையாக' என்ற பொருளில் 'ஸூத்' சேர்த்து மெல்லிதாக ஒரு சத்தியம் வைக்கிறாள். அவனுக்குப் பொறுக்கவில்லை. மிட்டாய் செய்பவன் பெண்டாட்டி மாதிரி சத்தியம் செய்கிறாயே, சீமாட்டியாக வாய் நிறையும்படி ஒன்று சொல், இதெல்லாம் ஞாயிற்றுக்கிழமை உடுத்திக்கொண்டு வரும் பட்டணத்து மக்கள் பேச்சு என்கிறான். கவனியுங்கள் நடுவர் அவர்களே. கடவுள் பெயரை இழுக்க அஞ்சிய கடைக்காரர் வீட்டு மக்கள், "உண்மையாக" என்பதோடு நிறுத்திக்கொண்டார்கள். மேட்டுக்குடி அந்த அடக்கத்தைப் பழித்தது. பழிக்கப்பட்டது பேசியவர்களின் வகுப்பு. சொல் பொய் பேசியதாக ஹாட்ஸ்பர்கூடக் குற்றம் சாட்டவில்லை.

அதே ஷேக்ஸ்பியர் வின்ட்ஸர் ஊர்ப் பெண்களைப் பற்றி எழுதிய நாடகம் முதன்முதல் அச்சானது 1602இல். அதில் சிம்பிள் என்னும் வேலைக்காரனிடம், ஸ்லெண்டர்தானே உன் எஜமான் என்று கேட்கிறாள் ஒருத்தி. "ஆம், ஃபர்ஸூத்" என்கிறான். அவருக்குப் பெரிய வட்டத்தாடி உண்டல்லவா என்கிறாள். "இல்லை, ஃபர்ஸூத்" என்கிறான். இதைத் தமிழில் எப்படிச் சொல்வீர்கள்? "ஆமாங்க", "இல்லீங்க". அவ்வளவுதான். இங்கே சொல் பணிவாகவே மாறிவிட்டது. எதிரணியின் கணக்குப்படி மொழிபெயர்த்தால் அந்த அப்பாவி வேலைக்காரன் கேட்டவளை நக்கலடித்துவிட்டுப் போவான், காட்சியே கெட்டுவிடும்.

இப்போது அவர்களுடைய பெரிய ஆயுதம். ஒத்தெல்லோ 1604இல் அரண்மனையில் நடிக்கப்பட்டது. தனக்கு வரவேண்டிய பதவி காசியோவுக்குப் போய்விட்டதே என்று இயாகோ கொதிக்கிறான்: "யார் அவன்? ஃபர்ஸூத், ஒரு பெரிய கணக்கன்." ஏளனம் இருக்கிறது, மறுக்கவில்லை. ஆனால் அந்த வாக்கியத்தை இயாகோ நம்புகிறானா, இல்லையா? நம்புகிறான்! போர்க்களத்தில் படை நடத்தியே அறியாதவன், ஏட்டுக் கணக்கு மட்டும் தெரிந்தவன் என்று அடுத்தடுத்த வரிகளில் அடித்துச் சொல்கிறான். காசியோ கணக்கன் என்பது அவன் வாயில் பொய்க்கூற்று அல்ல, முழு மனதோடு வைக்கும் குற்றச்சாட்டு. அதை உறுதிசெய்யத்தான் 'ஃபர்ஸூத்' போடுகிறான். குத்து, 'பெரிய' என்பதிலும் 'கணக்கன்' என்பதிலும் இருக்கிறது. நான் தமிழாக்கினால் "யார் அவன்? சாட்சாத் ஒரு கணக்கப்பிள்ளை!" என்பேன். 'சாட்சாத்' கோயிலிலும் வரும், வம்புப் பேச்சிலும் வரும். அதற்காக அதன் பொருள் ஏளனம் என்று எந்தத் தமிழ் அகராதியாவது எழுதுமா?

அகராதிக்கு வருவோம். 1755இல் சாமுவேல் ஜான்சன் வெளியிட்ட அகராதியை எடுத்துக்காட்டினார்கள். பெரும்பாலும் எப்போதும் ஏளனமாகவோ இகழ்ச்சியாகவோ வழங்குகிறது என்று அவர் எழுதியது உண்மைதான். அதற்கு முன்னால் அவர் வைத்த பொருளை எதிரணி வாசிக்கவில்லை: உண்மையில், நிச்சயமாக. பொருள் முதலில், வழக்கு பற்றிய குறிப்பு பிறகு. பெண்களை மரியாதையாக விளிக்க ஒருகாலத்தில் இது வழங்கியதாகக் கருதப்படுகிறது என்றும் அவரே அடுத்துச் சேர்க்கிறார். ஆக்ஸ்போர்டின் பேரகராதி இன்னும் கடுமை. இப்போது ஏளனக் கூற்றின் இடைச்செருகலாக மட்டுமே வரும் என்கிறது. ஒப்புக்கொள்கிறேன். இன்று வழங்கும் இடம் அதுதான். ஆனால் அங்கேயும் பொருள் என்று முதலில் எழுதப்பட்டிருப்பது 'உண்மையாக' என்பதே. தலைப்பு சொல் எங்கே வழங்குகிறது என்று கேட்கவில்லை, என்ன சொல்கிறது என்று கேட்கிறது.

வழக்கும் பொருளும் வேறு வேறு என்பதைச் சோதித்துப் பார்க்க வழி இருக்கிறது. சொல்லை எடுத்துவிட்டு அதன் மூலப்பொருளை அங்கே வையுங்கள். வாக்கியம் நின்றால் பொருள் மாறவில்லை. இதே 'ஸூத்'தின் பிள்ளை ஒன்று வினையாக இருக்கிறது, எழுத்தில் கடைசியில் 'ஈ' சேர்த்து (soothe) எழுதுவார்கள். பழைய காலத்தில் அதற்கு மெய்ப்பித்தல் என்று பொருள். பிறகு ஒருவர் சொன்னதற்கெல்லாம் ஆமாம் போடுதல், அதிலிருந்து இச்சகம் பேசுதல், கடைசியில் ஆற்றுதல், அமைதிப்படுத்துதல். "தாய் குழந்தையை அமைதிப்படுத்தினாள்" என்ற இடத்தில் 'மெய்ப்பித்தாள்' என்று வைத்துப் பாருங்கள், வாக்கியம் விழுந்துவிடும். அதுதான் பொருள் மாற்றம். உண்மை சொல்பவராக இருந்து குறிசொல்பவராக ஆகிவிட்ட 'ஸூத்சேயர்' இன்னொன்று. மெய் என்ற பொருளில் பிரெஞ்சிலிருந்து வந்து, 'மிக' என்று தேய்ந்துபோன 'வெரி' மூன்றாவது. 'ஃபர்ஸூத்' இந்தச் சோதனையில் எந்த நூற்றாண்டு வாக்கியத்தைக் கொடுத்தாலும் நிற்கிறது. "உரிமை கேட்கிறாராம், உண்மையாகவே!" என்றால் ஏளனம் போய்விட்டதா? போகவில்லை. காரணம், ஏளனத்துக்கு அந்த உண்மைதான் கைத்தடி.

நம்மிடம் இதற்குச் சரியான துணை இருக்கிறது: 'ஆம்'. உடன்பாட்டுக்குச் சொல்லும் அதே 'ஆம்', வாக்கியத்தின் வாலில் ஒட்டினால் பிறர் கூற்றாகிவிடும். "நாளைக்கு மழையாம்" என்றால் கிண்டல் இல்லை. "இவர் பெரிய நீதிமானாம்!" என்றால் கிண்டல். ஒட்டு ஒன்றே. கிண்டலைத் தருவது குரலும் சூழலும்.

ஆகவே இந்தச் சொல்லைத் தமிழாக்குகிறவர்களுக்கு எங்கள் அணி ஒரு வழிமுறையையும் வைக்கிறது. முதலில் நூலின் காலம். 1500க்கு முற்பட்டதென்றால் 'மெய்யாக', 'பூமியோ' என்பதுபோல ஓகாரம், அல்லது ஒன்றும் போடாமல் விடுவது. எல்லா இடத்திலும் 'மெய்யாகவே' என்று எழுதினால் வாசிப்பு திணறும். தமிழ் விவிலியத்தில் "மெய்யாகவே மெய்யாகவே" என்பது வேறொரு சொல்லுக்கு, கிறிஸ்து அழுத்திச் சொல்லும் 'ஆமென் ஆமென்'னுக்கு, உரிய இடம். ஷேக்ஸ்பியர் காலத்து நூலென்றால் யார் யாரிடம் பேசுகிறார்கள் என்று பாருங்கள். கீழிருப்பவர் மேலிருப்பவரிடம் என்றால் 'ங்க' போதும். மற்ற இடங்களிலும் பிற்கால நூல்களிலும் கேள்வி ஒன்றே ஒன்று: கூற்று யாருடையது? பேசுபவருடையதென்றால் 'சாட்சாத்'. மற்றவர் கூற்றை எடுத்துப் பேசுகிறார் என்றால் 'ஆம்' ஒட்டு. இயாகோவின் வாயில் "கணக்கனாம்" என்று வைத்தால், அவன் யாரோ சொன்னதைத் திருப்பிச் சொல்வதாகிவிடும்; குற்றச்சாட்டின் கூர் மழுங்கிப்போகும்.

ஆங்கிலத்தில் எழுதுகிறவர்கள் அடிக்கடி சறுக்கும் இடம் இன்னொன்று. தமிழில் "உண்மையாகப் பேசினான்" என்றால் பொய்யில்லாமல் பேசினான். "உண்மையாகவே பேசினான்" என்றால் பேசியது நிஜம். ஓர் ஏகாரம் பிரித்துவிடுகிறது. 'ஃபர்ஸூத்' இரண்டாவது வகைக்கு மட்டும் உரியது, முழு வாக்கியத்தையும் தழுவும். சாட்சி கூண்டில் நேர்மையாகப் பேசினார் என்பதற்கு இதைப் போட்டால் பிழை, அதற்கு 'ட்ரூத்ஃபுலி' இருக்கிறது. வாக்கியத்தின் நடுவில் வந்தால் இருபுறமும் காற்புள்ளி வேண்டும்; வினைக்கும் அதன் செயப்படுபொருளுக்கும் இடையில் செருகக்கூடாது. ஒரு கட்டுரையில் ஒருமுறைக்கு மேல் வந்தால் வேஷம் கட்டியதுபோல் ஆகிவிடும்.

மணி அடித்துவிட்டீர்கள், மூன்றாவது சான்று மட்டும் பாக்கி. புள்ளிவிவர இதழின் அந்தப் பகுதி எதையெல்லாம் எடுத்துப்போட்டது? அழகில்லாத கட்டுரைகளையா, வெறும் எழுத்துப் பிழைகளையா? இல்லை, மெய்த்தகவல் என்று அச்சேறி, கணக்குப் போட்டுப் பார்த்தால் தேறாத கூற்றுகளை. ஏளனந்தான் பொருள் என்றால் எதன்மேலும் இந்தச் சொல்லை எறியலாமே! கொட்டும் மழையைப் பார்த்து "மழை பெய்கிறது, ஃபர்ஸூத்" என்று சொல்லுங்கள். மழைக்கு ஒரு கீறலும் விழாது, ஏனென்றால் மழை எந்த உரிமையும் கொண்டாடவில்லை. "உண்மை" என்று ஒருவர் மார்தட்டிய இடத்தில் மட்டுமே இந்தச் சொல் குத்தும். அந்த இதழ்க்காரர்கள் தலைப்பாக எழுதி வைத்தது பத்திரிகை கொடுத்த உறுதிமொழியைத்தான். அதன் கீழே பத்திரிகையின் எண்ணை வைத்தார்கள்.