ஒரு திரைக்கதையை எவ்வளவுதான் வளைப்பது?

வணக்கம் நண்பர்களே. இன்று கோபத்தோடுதான் பேச உட்கார்ந்திருக்கிறேன். நண்பர் ஒருவர், "1949 கம்யூனிஸ்ட் புரட்சிக்குப் பிந்தைய சீனப் படங்களில் திரைக்கதை என்று என்ன இருக்கிறது, எல்லாம் பிரசாரம்" என்று ஒரே வரியில் தள்ளிவிட்டார். எனக்குப் பொறுக்கவில்லை. 'வூ ஷுன் வாழ்க்கை' படத்தை மறுபடி போட்டுவிட்டேன்.

இரண்டு பாகங்கள் கொண்ட படம். இரண்டாம் பாகத்தில் சப்டைட்டில் பின்தங்கி ஓடியது. ஒருவர் பேசிவிட்டு அறையைவிட்டே போய்விடுகிறார், அதற்குப் பிறகு அவர் பேச்சு வருகிறது! எனக்கு இதைவிட எரிச்சல் தருவது வேறில்லை, உங்களுக்கே தெரியும். சப்டைட்டில் கோப்பைத் திறந்து, நேரக் குறிகளைக் கொஞ்சம் முன்னே, கொஞ்சம் பின்னே என்று நகர்த்தி நகர்த்தி, உதடும் வரியும் சேர்ந்த நொடியில் எழுந்து நின்று கைதட்டினேன். அந்தத் திருத்திய கோப்பைப் பத்திரமாக வைத்திருக்கிறேன்.

சரி, கதைக்கு வருகிறேன். வூ ஷுன் 19ஆம் நூற்றாண்டில் சீனாவின் ஷாண்டோங் மாகாணத்தில் உண்மையில் வாழ்ந்தவர். பிச்சையெடுத்துச் சேர்த்த காசில் ஏழைப் பிள்ளைகளுக்குப் பள்ளி கட்டியவர். படத்தில், காசு கொடுத்தால் குத்தும் உதையும் வாங்கிக்கொள்கிறார். வூ ஷுனாக வரும் நடிகர் 'சாவ் தான்' அதை நடிக்கும்போது எனக்கு நெஞ்சு அடைக்கிறது.

சொல்ல விட்டுவிட்டேனே, இது 1948இல், புரட்சிக்கு முன்பே தொடங்கிய படம்! பாதியில் நின்றது. பிறகு ஷாங்காயின் குன்லுன் என்ற தனியார் நிறுவனம் எடுத்துக்கொண்டது. அதற்குள் ஆட்சியே மாறிவிட்டது. எழுதி இயக்கிய சுன் யூ என்ன செய்தார்? 1949க்குப் பிறகு ஓர் ஆசிரியை பிள்ளைகளுக்கு இந்தக் கதையைச் சொல்வதாக முகப்பு வைத்தார். அவர் வாயாலேயே, வூ ஷுனின் தனிமனிதப் போராட்டம் போதாது என்று சொல்லவைத்தார். ஆயுதம் ஏந்தும் சோ தா என்ற பாத்திரத்தை வூ ஷுனுக்கு எதிர்முனையாக நிறுத்தினார். ஒருவர் மண்டியிடுகிறார், மற்றவர் வாளெடுக்கிறார். கெஞ்சுவதா, எதிர்ப்பதா என்ற வாதம் கதைக்குள்ளேயே நடக்கிறது. இது திரைக்கதை இல்லையென்றால் வேறு எது?

அவ்வளவு வளைத்தும் போதவில்லை. 1950 இறுதியில் படம் முடிந்தது, முதலில் பாராட்டுதான். 1951 மே 20 அன்று கம்யூனிஸ்ட் கட்சியின் 'மக்கள் நாளிதழ்' தலையங்கம் படத்தைக் கண்டித்தது. எழுதியவர் மாவோ. நிலவுடைமை அமைப்பைத் தொடாமல் அதன் பண்பாட்டையே பரப்பினார் வூ ஷுன், அவரைப் போய்ப் புகழ்வதா என்பதே குற்றச்சாட்டு. அதன் பிறகு யார் துணிந்து எழுதுவார்? படத் தயாரிப்பு சரிந்தது. சில ஆண்டுகளுக்குள் தனியார் படநிறுவனங்கள் எல்லாம் அரசுடைமை ஆயின.

சுன் யூவை ஆட்சிக்குப் பணிந்தவர் என்று எளிதாகச் சொல்பவர்களை எனக்குப் பிடிக்காது. முகப்பை மாற்றினார், பாத்திரத்தைக் கூட்டினார். ஆனால் பள்ளிக்காக அடி வாங்கும் அந்த மனிதர் மீதுள்ள பாசத்தை அவர் வெட்டியெறியவில்லை. முதல் பாகத்தையாவது பாருங்கள். அடுத்த காணொளியில், எழுத்தாளர் லூ ஷுனின் (வூ ஷுன் அல்ல!) சிறுகதையிலிருந்து ஷியா யென் எழுதிய 1956ஆம் ஆண்டுத் திரைக்கதையை எடுத்துக்கொள்கிறேன். அதில் கோயில் வாசற்படியை வெட்டும் காட்சி பற்றி எனக்கு நிறையச் சண்டை போட வேண்டியிருக்கிறது.