வாய் திறக்காத பாலையா

நண்பர்களே, 1936-இல் 'சதி லீலாவதி' வந்தது. எம்.ஜி.ஆருக்கு முதல் படம், கலைவாணருக்கு முதல் படம் என்று மேடைக்கு மேடை சொல்கிறோம். டி.எஸ்.பாலையாவுக்கும் அதுதான் முதல் படம். அது மட்டும் நமக்கு ஞாபகம் வருவதில்லை. குணச்சித்திர நடிகருக்கு நம் ஊரில் கிடைக்கிற மரியாதை அவ்வளவுதான்!

நாடகத்திலிருந்து வந்தவர். கொட்டகையின் கடைசி வரிசைக்கும் கேட்கிற குரல். 'வேலைக்காரி'யில் நண்பனுக்கு யோசனை சொல்லும் மணி, 'மதுரை வீரன்' நரசப்பன், 'பாகப்பிரிவினை'யில் எஸ்.வி.சுப்பையாவோடு சகோதரராக... பட்டியலைப் படித்தால் விடிந்துவிடும். அந்தக் குரலைப் பற்றிப் பேசாதவர் கிடையாது. நான் பேச வந்தது அவர் சும்மா கேட்டுக்கொண்டிருந்த இடங்களைப் பற்றி.

'காதலிக்க நேரமில்லை', 1964. படம் எடுக்கப் பணம் கேட்கும் மகன் செல்லப்பா. அசைந்து கொடுக்காத எஸ்டேட் முதலாளி விஸ்வநாதன். நாகேஷ் பேய்க் கதை சொல்கிறார். ஓடுகிறார், குனிகிறார், வாயாலேயே பின்னணி இசை போடுகிறார். பாலையாவுக்கு வேலை உட்கார்ந்திருப்பதுதான். முதலில் 'இது வேறயா' என்ற சலிப்பு. பிறகு ஒரு சின்ன ஆர்வம். அதற்குப் பிறகு கண் மட்டும் நாகேஷ் போகிற பக்கமெல்லாம் போகிறது. அப்பா என்ற மிடுக்கு எந்த இடத்தில் கழன்று விழுந்தது என்று நமக்கே தெரியாது. பார்த்தால் பயந்துபோன ஒரு குழந்தை உட்கார்ந்திருக்கிறது. அந்த முகம் பயப்படாவிட்டால் நாகேஷ் செய்ததெல்லாம் வெறும் சேஷ்டை. இதைச் சொன்னால் நாகேஷ் ரசிகர்கள் என்னிடம் சண்டைக்கு வருவார்கள், வரட்டும்.

அடுத்த வருஷம் 'திருவிளையாடல்'. 'ஒரு நாள் போதுமா' பாலமுரளிகிருஷ்ணா குரல். அந்தக் கர்வம் பாலையாவுடையது. கழுத்தை நிமிர்த்திப் பாண்டியன் சபையையே ஏளனமாகப் பார்க்கிற ஹேமநாத பாகவதர், அன்று இரவு வெளியே ஒரு விறகு வெட்டி பாடுவதைக் கேட்கிறார். திரையில் பாடுவது சிவாஜி. ஆனால் நடந்தது என்ன என்பதைப் பாலையா முகத்தில்தான் படிக்க வேண்டும். முதலில் வித்வானுக்கு உரிய ரசனை, உடனே சந்தேகம், அப்புறம் கிலி. மறுநாள் தன்னோடு போட்டிக்கு வரும் பாணபத்திரர் சீடனாகக்கூடச் சேர்த்துக்கொள்ளாதவன் பாட்டு இது என்றால் பத்திரர் பாட்டு எப்படி இருக்கும்? அந்தக் கணக்கை அவர் மனசுக்குள் போடுவது நமக்குத் தெரிகிறது. விடிவதற்குள் மதுரையைக் காலி செய்கிறார்.

1968-இல், 'திருவிளையாடல்' எடுத்த அதே ஏ.பி.நாகராஜன் அவர் தோளில் தவிலை மாட்டினார். 'தில்லானா மோகனாம்பாள்' முத்துராக்கு. சிவாஜியின் நாயனத்துக்கு அது பக்கவாத்தியம். தவில்காரர் வாசிக்கிற நேரம் ஒரு பங்கு. நாயனக்காரர் எந்தப் பக்கம் திரும்பப் போகிறார் என்று காது கொடுத்துக் காத்திருக்கிற நேரம் மூன்று பங்கு. அந்த வேஷத்தை வேறு யாரிடம் கொடுத்திருப்பார்?

1972-இல் பாலையா மறைந்தார்.