கோட் ப்ளூன்னு அறிவிச்சா வார்டுக்குள்ள என்ன நடக்குது?

வணக்கம் மக்களே! ஆஸ்பத்திரியில சொந்தக்காரங்களுக்குத் துணையா உக்காந்திருக்கும்போது ஸ்பீக்கர்ல "கோட் ப்ளூ, மூணாவது மாடி, பெண்கள் வார்டு"ன்னு திரும்பத் திரும்பச் சொல்றதைக் கேட்டிருப்பீங்க. சொல்லி முடிக்கிறதுக்குள்ள நாலஞ்சு பேர் ஓடுவாங்க. நான் ஐசியூ ஸ்டாஃப் நர்ஸ். அப்படி ஓடுற ஆளுங்கள்ல நானும் ஒருத்தி.

ப்ளூன்னா யாருக்கோ இதயம் நின்னுடுச்சு, இல்ல மூச்சு நின்னுடுச்சுன்னு அர்த்தம். இதை வெளிப்படையா மைக்ல சொன்னா பக்கத்து வார்டு நோயாளிங்க பதறிடுவாங்க. அதான் கலர்ல சொல்றோம். ரெட்னா தீ. பிங்க்னா நம்ம ஊர்ல பெரும்பாலும் குழந்தை காணோம்னு அர்த்தம். அப்போ வாசல்ல உங்களை நிறுத்தி, பையைத் திறந்து காட்டச் சொல்வாங்க. தயவுசெஞ்சு கோபப்படாதீங்க, காட்டிடுங்க.

மத்த கலருங்க ஆஸ்பத்திரிக்கு ஆஸ்பத்திரி மாறும். அது சின்ன விஷயம் இல்லைங்க. கலிஃபோர்னியாவுல ஒரு ஆஸ்பத்திரியில துப்பாக்கிச் சூடு நடந்தப்போ தப்பான கோட் அறிவிச்சுட்டாங்க, மூணு பேர் செத்துப்போனாங்க. அதுக்கப்புறம்தான் அங்க எல்லா ஆஸ்பத்திரிக்கும் ஒரே மாதிரி கோட் வேணும்னு முடிவு பண்ணாங்க. ஆனா ப்ளூ மட்டும் அநேகமா எல்லா இடத்துலயும் ஒண்ணுதான்.

இப்போ முக்கியமான விஷயத்துக்கு வர்றேன். கோட் ப்ளூ டீம் வந்துதான் காப்பாத்தும்னு நினைக்காதீங்க. டீம் வர்ற வரைக்கும் அந்த நோயாளி நெஞ்சுல யாராவது கை வெச்சு அழுத்திக்கிட்டு இருக்கணும். இப்படி நெஞ்சை அழுத்துறதைத்தான் சிபிஆர்னு சொல்றோம். அது குடுக்காம போற ஒவ்வொரு நிமிஷத்துக்கும் பிழைக்கிற வாய்ப்பு ஏறக்குறைய 7-லிருந்து 10 சதவீதம் குறையும்.

எங்க தாமதம் ஆகுது தெரியுமா? மூச்சுலதான். இதயம் நின்னப்புறமும் சிலருக்கு வாய் திறந்து தாடை ஒரு இழு இழுக்கும். அப்புறம் ஒண்ணும் இருக்காது. கொஞ்ச நேரம் கழிச்சு குறட்டை மாதிரி இன்னொரு இழுப்பு வரும். பக்கத்துல இருக்குறவங்க "மூச்சு இருக்கு சிஸ்டர்"னு சொல்வாங்க. அது மூச்சே இல்லைங்க. தோளைத் தட்டிக் கூப்பிட்டும் அசைவில்லை, சரியான மூச்சும் இல்லைன்னா அழுத்த ஆரம்பிச்சுடணும். கழுத்துல நாடி பாக்குறதுக்கு எங்களுக்கே 10 செகண்டுக்கு மேல அனுமதி இல்ல.

கட்டில்ல மெத்தை அமுங்கும், நெஞ்சு அமுங்காது. அதனால முதுகுக்கு அடியில ஒரு பலகையைச் சொருகுவோம். நெஞ்சோட நடு எலும்புல கீழ்ப்பாதியில உள்ளங்கையோட அடிப்பகுதியை வெச்சு, அடுத்த கையை அது மேல வெச்சு, முழங்கை மடங்காம அழுத்தணும். ஆழம் 5-லிருந்து 6 சென்டிமீட்டர், நிமிஷத்துக்கு 100-லிருந்து 120 தடவை. ஒவ்வொரு அழுத்தத்துக்கும் அப்புறம் நெஞ்சு முழுசா மேல வரணும், அப்போதான் இதயத்துல ரத்தம் நிறையும். ரெண்டு நிமிஷத்துக்கு ஒரு தடவை ஆளை மாத்துவோம். "நான் நல்லாத்தான் இருக்கேன், நானே பண்றேன்"னு சொல்றவங்களையும் மாத்திடுவோம். ஏன்னா கை தளர்ந்து ஆழம் குறையுறது அழுத்துறவங்களுக்கே தெரியாது.

அதுக்குள்ள ஒருத்தர் அம்பு பேக் (கையால அமுக்கி மூச்சு குடுக்குற பை) பிடிப்பார், ஒருத்தர் ஊசி போடுவார். அட்ரினலின் 1 மில்லிகிராம், 3-லிருந்து 5 நிமிஷத்துக்கு ஒரு தடவை. ஒருத்தர் கையில பேனாவோட நேரத்தை மட்டும் எழுதிக்கிட்டே இருப்பார். அப்புறம் ஷாக். சினிமாவுல மானிட்டர்ல நேர்கோடு வந்த உடனே ஷாக் குடுப்பாங்க. அது தப்பு. நேர்கோட்டுக்கு ஷாக் வேலை செய்யாது. இதயம் தாறுமாறா துடிச்சு நடுங்கும்போதுதான் ஷாக்.

1960-க்கு முன்னாடி நெஞ்சைத் திறந்து இதயத்தைக் கையால பிசைஞ்சுக்கிட்டு இருந்தாங்க. அமெரிக்காவுல ஜான்ஸ் ஹாப்கின்ஸ்ல நாய்க்கு ஷாக் குடுக்குற சோதனை நடந்தப்போ, தகட்டை நெஞ்சுல பலமா அழுத்தினாலே ரத்த அழுத்தம் ஏறுறதைக் கவனிச்சாங்க. நெஞ்சைத் திறக்காம வெளியில இருந்தே அழுத்தலாம்னு 1960-ல ஒரு கட்டுரை வந்துச்சு. அதை எழுதினவங்கள்ல ஒருத்தரான கோவன்ஹோவன் டாக்டரே இல்ல, எலெக்ட்ரிகல் இன்ஜினியர். ரெண்டு கை இருந்தாப் போதும், யார் வேணாலும் எங்க வேணாலும் ஆரம்பிக்கலாம்னு அப்பவே அதுல எழுதிட்டாங்க. அறுபது வருஷத்துக்கு மேல ஆச்சு. இன்னும் இதை டாக்டர் வேலைன்னு நினைச்சு நாம ஒதுங்கி நிக்கிறோமேன்னு எனக்கு ரொம்ப வருத்தம்.

வீட்டுல நடந்தா, தரையில படுக்க வெச்சு, 108-க்கு போன் போட்டு ஸ்பீக்கர்ல வெச்சுட்டு அழுத்த ஆரம்பிங்க. பயிற்சி இல்லாதவங்க வாயோட வாய் வெச்சு ஊத வேண்டாம், அழுத்தினாப் போதும்னுதான் இந்தியாவுலயும் மயக்கவியல் டாக்டருங்க சொல்லிக்குடுக்குறாங்க. குழந்தைங்க, தண்ணியில மூழ்கினவங்க, இவங்களுக்கு மட்டும் மூச்சும் முக்கியம். விலா எலும்பு முறியுற சத்தம் கேக்கலாம். நிறுத்தாதீங்க. எலும்பு அப்புறம் கூடிடும்.

ஆஸ்பத்திரியில யாரையாவது சேர்த்தா, அன்னிக்கே கட்டில் பக்கத்துல இருக்குற பெல்லை ஒரு தடவை அழுத்தி, வேலை செய்யுதான்னு பாத்துடுங்க. நாங்க வந்து பாத்துட்டுப் போவோம், கோச்சுக்க மாட்டோம்.